பனியாறு இல்லாத நாட்டில் ஒரு பனியாற்றுப் பயணம்

ஆட்களை பஸ்ஸில் ஏற்றிக்கொண்டுபோய் இடம் காட்டுகிற வேலையில், காட்டுகிற இடத்தைவிட ஏற்றின ஆட்கள்தான் பெரிய காட்சி. கோயிலுக்கோ கலியாணத்துக்கோ ஒருமுறையாவது வான் பிடித்து இருபது சொந்தக்காரரைக் கூட்டிக்கொண்டு போனவர்களுக்கு நான் சொல்வது விளங்கும். அப்படிப் போய்த் திரும்பி வந்து, இனிமேல் இந்தப் பக்கமே தலைவைக்க மாட்டேன் என்று கும்பிட்டவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். நீங்கள் ஒருநாள் பட்டதை நான் சம்பளத்துக்குப் பட்டேன்.

சோற்று வரிசையில் கிடைத்த வேலை

2009ஆம் ஆண்டு முடிகிற நேரம், நான் பன்னிரண்டு வருஷம் நின்ற சலவைத் தொழிற்சாலையை மூடினார்கள். எனக்கு அப்போது அறுபத்தொரு வயது. படிப்பு எட்டாம் வகுப்பு. மெல்பேர்னில், நோபல் பார்க்கில் மகள் வீட்டில் கதிரையில் இருந்து டிவி பார்த்தேன். மகள் நல்ல பிள்ளை. குளிசை தருகிற மாதிரி காலை, மத்தியானம், இரவு என்று மூன்று தரம் "அம்மா, என்ன செய்யிறியள்?" என்று கேட்பாள். மூன்று தரமும் சொல்வதற்கு ஒரு பதில் இல்லாமல் இருப்பது எவ்வளவு கரைச்சல் என்பது வேலை போனவர்களுக்குத் தெரியும்.

கோயிலில் அன்னதான வரிசை குழம்பினால் என்னைத்தான் முன்னுக்கு விடுவார்கள். எனக்குக் குரல் பெரிது. ஒருநாள் அந்த வரிசையில் தட்டோடு நின்ற கணேஷ் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். அவரிடம் இருபத்துநாலு சீற் பஸ் ஒன்று இருந்தது. தமிழ் ஆட்களுக்கு ஒருநாள் பயணம் நடத்தப் போகிறார். ஓட்டுவதற்கு மதுரைக்காரர் செல்வம் இருக்கிறார், மைக்கில் கதைக்கத்தான் ஆள் இல்லை. 'நீர்வீழ்ச்சி, கடற்கரை, பனியாற்று நடை' என்று மூன்று பயணத்தையும் சேர்த்து நோட்டீஸும் அடித்தாகிவிட்டது. நான் வருகிறேன் என்று அவர் கேட்டு முடிக்கும் முன்னமே சொன்னேன். கணேஷ் பாயாசத்தை ஒரு மிடறு குடித்துவிட்டுச் சொன்னார்: "மூண்டு பயணமும் பாப்பம் அன்ரி. உங்களைப் பற்றி ஒரு முறைப்பாடு வந்தாலும் நான் வேறை ஒரு யூனிவேர்சிட்டிப் பிள்ளையைப் பிடிச்சிடுவன்."

நாலு சில்லுக்கு நாலு தேசிக்காய்

முதல் பயணம் ஜனவரியில். காலை ஆறரைக்கு ரயில் ஸ்டேஷன் கார் நிறுத்துமிடத்தில் இருபத்தொரு பேர் நின்றார்கள். எல்லாரும் மூன்று பயணத்துக்கும் சேர்த்துக் காசு கட்டினவர்கள். பஸ் புதிது, பயணம் புதிது, சில்லுக்குத் தேசிக்காய் வைக்காமல் ஏறமாட்டோம் என்று ஐந்தாறு பெண்கள் சொல்லிவிட்டார்கள். விடியற்காலையில் தேசிக்காய்க்கு எங்கே போவது என்று நான் முழிக்க, செல்வம் காற்சட்டைப் பையில் இருந்து நாலை எடுத்தார். "நம்ம ஊர்ல எலுமிச்சம்பழம் இல்லாம வண்டிய எடுப்பாங்களாக்கா? நேத்தே வாங்கிட்டேன்" என்றார். தேங்காய் ஒருவர் கொண்டுவந்திருந்தார். நடைபாதைக் கல்லில் அடித்தோம். இரண்டாய்ப் பிளந்து ஒரு பாதி உருண்டு போனது.

அந்தப் பாதி போய் நின்றது நாயோடு நடக்க வந்த ஒரு வெள்ளைக்காரக் கிழவரின் காலடியில். அவர் அதைக் குனிந்து எடுத்துக்கொண்டு வந்து, என்ன நடக்கிறது என்று கேட்டார். என்னிடம் இருந்த ஆங்கிலத்தில், பஸ் பழுதில்லாமல் ஓடுவதற்கு என்று சொன்னேன். செல்வம் தேசிக்காய்க்கு மேலாலே பஸ்ஸை ஏற்றி இறக்கும்வரை மனிதர் நகரவில்லை. பிறகு தேங்காய்ப் பாதியை என் கையில் தந்துவிட்டு மெதுவாகக் கேட்டார்: "அடுத்த கிழமை என் காரை ரோட்வேர்தி, அதுதான் ரோட்டில் ஓடத் தகுதியா என்கிற சோதனைக்குக் கொண்டுபோகிறேன், அதற்கும் இதைச் செய்து தருவீர்களா?"

இருநூற்றுச் சொச்சம் படி

லோர்ன் ஊருக்கு மேலே காட்டுக்குள் இருக்கிறது அந்த நீர்வீழ்ச்சி. கீழே போக இருநூற்றுச் சொச்சம் படி. நான் மைக்கில் "ஓ எண்டு கொட்டும்" என்று சொல்லிக் கூட்டிக்கொண்டு போனேன். அந்த வருஷம் மழை இல்லை என்று எனக்குத் தெரியாதா, தெரியும். மெல்பேர்ன் முழுக்க நாலு நிமிஷத்துக்குள் குளித்து முடியுங்கள் என்று சொல்லிக்கொண்டிருந்த காலம். ஆனால் காட்டுக்குள் இருக்கிற தண்ணிக்கு அந்தச் சட்டம் இல்லை என்று நினைத்துவிட்டேன். கீழே போய்ப் பார்த்தால், பாறையில் நூல் விட்ட மாதிரி ஒரு ஒழுக்கு.

இங்கே செல்லத்துரை மாஸ்டரைச் சொல்ல வேண்டும். யாழ்ப்பாணத்தில் முப்பது வருஷம் பூமிசாத்திரம், அதுதான் புவியியல், படிப்பித்தவர். எழுபத்தாறு வயதில் படி இறங்கி வந்து, மூச்சு வாங்காமல் சட்டைப் பையில் இருந்து எங்கள் நோட்டீஸை எடுத்தார். நாலாய் மடித்திருந்தது. விரித்து, பேனையைத் திறந்து, 'நீர்வீழ்ச்சி' என்ற சொல்லையும் ஒழுக்கையும் மாறி மாறிப் பார்த்து, கடைசியில் ஒரு சின்னச் சரி போட்டார். அதற்குக் கீழே இருந்த படத்தையும் ஒருமுறை தடவிப் பார்த்தார். நீல நிற ஐஸ் மலையில் கயிறு கட்டின நாலு பேர் நடக்கிற படம், மூன்றாவது பயணத்துக்குப் போட்டது. பக்கத்தில் நின்ற கோயம்புத்தூர்ப் பெண் ஒழுக்கைப் பார்த்துச் சொன்னாள்: "எங்க வீட்டு ஷவரே பரவாயில்லைங்க, நாலு நிமிஷமாச்சும் வருது."

ஒரு இனிப்பு கூடினது

உங்களுக்கே தெரியும், எங்கள் ஆட்களை விரலை நீட்டி எண்ண முடியாது. ஆட்டை மாட்டை எண்ணுகிற மாதிரி எண்ணாதே, கண்ணூறு பட்டுவிடும் என்பார்கள். ஆள் விட்டுப்போனாலோ என் வேலையும் விட்டுப்போகும். அதனால் நான் ஒரு வழி வைத்திருந்தேன். ஒவ்வொரு முறை ஏறும்போதும் வாசலில் நின்று ஆளுக்கு ஒரு இஞ்சி இனிப்புக் கொடுப்பேன். பையில் இருபத்தொன்று எண்ணிப் போட்டிருப்பேன். பை வெறுமையானால் எல்லாரும் ஏறியாயிற்று. இதைக் கண்டுபிடித்ததற்காக என்னை நானே மெச்சிக்கொண்டேன்.

திரும்பி வரும் வழியில் ஒரு பொதுக் கழிப்பறையடியில் நிற்பாட்டி ஏற்றினோம். பை வெறுமை. செல்வம் பஸ்ஸை எடுத்தார். பத்து நிமிஷம் ஓடின பிறகு தண்ணிப் போத்தலோடு நடுவால் வந்தேன். மாஸ்டரின் மனைவி பரமேசக்கா கண்ணை மூடிக்கொண்டு இருந்தா. பக்கத்துச் சீற்றில் ஆள் இல்லை. மடியில் இரண்டு இனிப்புத் தாள். "அக்கா, மாஸ்டர் எங்கை?" என்றேன். "பின்னுக்கு ஆரோடையோ கதைக்கிறார் போல" என்றா. "அப்ப அவரின்ர இனிப்பு?" என்றேன். "அவருக்குச் சுகர் தங்கச்சி. அவரின்ரையையும் நான்தான் வாங்கினனான்" என்று சொல்லிவிட்டுத்தான் கண்ணை முழுக்கத் திறந்தா.

செல்வம் அந்த வளைவு ரோட்டில் பஸ்ஸை எப்படித் திருப்பினார் என்று கேட்காதீர்கள். மாஸ்டர் கழிப்பறைச் சுவரடியில் நின்று, பாம்பு கவனம் என்று போட்டிருந்த பலகையை வாசித்துக்கொண்டு இருந்தார். நான் வாசலில் கைகட்டி நின்றேன். அவர் ஏறி, என்னைத் தாண்டிப் போகும்போது நின்று சொன்னார்: "முப்பது வருஷம் வகுப்பிலை பேர் இடாப்புக் கூப்பிட்டனான் தங்கச்சி. ஒரு பெடியனையும் விட்டிட்டு வீட்டை போகேல்லை."

பன்னிரண்டில் எட்டு

அன்றிரவு முறைப்பாடு வரும், கணேஷின் போன் வரும் என்று இருந்தேன். வரவில்லை. மாஸ்டர் சேர்த்து வைத்து ஒரேயடியாய் எழுதப் போகிறார் என்று நினைத்துக்கொண்டேன். மார்ச் மாதம் இரண்டாவது பயணத்துக்கு ஒரு கொப்பி வாங்கி, எல்லாருடைய பெயரையும் எழுதி, ஒவ்வொரு நிறுத்தத்திலும் கூப்பிட்டேன். எழுபது வயதுக்காரர் எல்லாம் கையை உயர்த்தி "பிரசென்ற் டீச்சர்" என்றார்கள். மாஸ்டர் மட்டும் சிரிக்காமல் கொப்பியை வாங்கிப் பார்த்து, பெயர்களை அகர வரிசையில் எழுத வேண்டும் என்று சொல்லித் திருப்பித் தந்தார்.

கடலுக்குள் பெரிய பெரிய கற்தூண்கள் நிற்கிற இடம் இருக்கிறதே, பன்னிரண்டு சீடர்கள் என்று பெயர். நான் மைக்கில் "பன்னிரண்டு" என்று இரண்டு தரம் அழுத்திச் சொன்னேன். பார்க்கிற மேடையில் நின்று மாஸ்டர் ஒவ்வொன்றாக எண்ணினார். இடம் மாறி நின்று எண்ணினார். பெயர்தான் பன்னிரண்டு, கல் அவ்வளவு இல்லை என்று எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை. அவர் என் பக்கம் திரும்பி, எல்லாருக்கும் கேட்கச் சொன்னார்: "பன்னிரண்டு எண்டு சொல்லி எட்டைக் காட்டுறியள். பஸ்ஸிலை இருக்கிற ஆக்களையாவது சரியா எண்ணினனீங்களோ?"

கால் நனைக்கப் போனவர்கள்

அதே நாள் பின்னேரம் கடற்கரைக்கு இறங்கினோம். பெண்கள் பதினொரு பேர் சேலை. கால் மட்டும்தான் நனைப்போம் என்று என்னிடம் சத்தியம் செய்யாத குறை. இந்தக் கடல் நாங்கள் பழகின கடல் மாதிரி அல்ல. தூரத்தில் படுத்திருக்கிற மாதிரி இருக்கும், திடீரென்று எழும்பி வரும். பதினொரு பேரும் கையைக் கோர்த்துக்கொண்டு வரிசையாய் நின்றதால் ஒருவரும் விழவில்லை. ஆனால் ஒருவரும் தப்பவுமில்லை, கழுத்துவரை நனைந்தார்கள். நான் கரையில் நின்று கத்தினேன். என் பெரிய குரல் அன்றைக்குத்தான் முதல்முதல் எடுபடாமல் போனது.

நல்லகாலம், எங்கள் ஆட்கள் ஒருநாள் பயணத்துக்கே மாற்று உடுப்பு இரண்டு கொண்டுவருவார்கள். உடுப்பு மாற்றினார்கள். ஈரச் சேலையைப் பையில் வைத்தால் சாயம் போகும் என்று, பஸ்ஸுக்குள் மேல் கம்பியில் இந்தத் தலைப்பில் இருந்து அந்தத் தலைப்புவரை விரித்துவிட்டார்கள். பச்சை, அரக்கு, மாம்பழ மஞ்சள். நான் முன்னுக்கு நின்று பின்னுக்கு இருக்கிற ஆளைப் பார்க்க முடியாமல் ஒவ்வொரு சேலையாய் விலக்கி இடாப்புக் கூப்பிட்டேன். செல்வம் எஞ்சினைப் போட்டார், கண்ணாடியைப் பார்த்தார், எஞ்சினை நிற்பாட்டினார். "அக்கா, இதெல்லாம் காயிற வரைக்கும் வண்டிய எடுக்க மாட்டேன். கண்ணாடில ரோடு தெரியல, ஜவுளிக்கடைதான் தெரியுது."

படத்தில் இருந்த மலை

மூன்றாவது பயணம் ஜூலையில், இங்கே அப்போதுதான் குளிர்காலம். அதற்கு ஒரு கிழமைக்கு முன் செல்வம் போன் எடுத்தார். "அக்கா, எங்க பொண்ணு ஸ்கூல் ப்ராஜெக்ட்ல சொல்றா, இந்த நாட்டுல பனியாறே கிடையாதாம். அந்தப் படத்துல இருக்கறது நியூசிலாந்துப் பக்கமாம்" என்றார். பனியாறு என்றால் என்னவென்றே எனக்குத் தெரியாது. குளிரில் உறைந்துபோன ஆறு என்றுதான் நினைத்திருந்தேன். ஆனால் மாஸ்டரின் சட்டைப் பையில் நாலாய் மடித்த அந்தப் படம் இருக்கிறது என்பது நன்றாகத் தெரியும். மிச்ச ஆட்கள் சிரித்துவிட்டு விடுவார்கள். அவர் விடமாட்டார்.

உடனே கணேஷைப் பிடித்தேன். அவருக்கு வெட்கமே இல்லை. இங்கத்தைய பனியைப் படம் எடுத்தால் நிலத்தில் கோதுமை மா கொட்டின மாதிரி இருக்கிறது, யார் காசு கட்டுவார்கள், அதனால் இன்டர்நெட்டில் நல்லதாய் ஒன்று எடுத்துப் போட்டேன் என்றார். மாஸ்டர் கேட்டால் நான் என்ன சொல்கிறது என்றேன். அவர் யோசிக்கவே இல்லை: "போன கிழமைதான் உருகினது எண்டு சொல்லுங்கோ அன்ரி."

மைக்

மலையடியில் சப்பாத்து வாடகைக்கு எடுத்தோம். அதற்கு மேலே சில்லுக்குச் சங்கிலி பூட்டாமல் போகவிட மாட்டார்கள். செல்வம் சேற்றில் படுத்துக் கிடந்து பூட்டினார். பெண்கள் அவருக்குத் தெரியாமல் சங்கிலிக்குப் பக்கத்தில் தேசிக்காயும் வைத்தார்கள். எல்லாரும் பஸ்ஸுக்குள் காத்திருந்தோம். மாஸ்டர் நோட்டீஸை எடுத்து முழங்காலில் விரித்து வைத்திருந்தார். 'நீர்வீழ்ச்சி'க்குச் சரி, 'கடற்கரை'க்குச் சரி. மூன்றாவதற்குப் பக்கத்தில் பேனை திறந்தபடி.

கணேஷ் சொல்லித் தந்த வசனத்தை வழியெல்லாம் மனதுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டுதான் வந்தேன். மைக்கை எடுத்தபிறகு வாயில் வந்தது வேறு. "ஐயாமார், அம்மாமார். நோட்டீஸிலை இருக்கிற பனியாறு இந்த நாட்டிலை இல்லை. எனக்குப் போன கிழமைதான் தெரியும். மேலை பனி இருக்கு. நடக்கலாம், விழலாம், எழும்பலாம். பனியாறு மட்டும் காட்டேலாது. முறைப்பாடு எழுதுறவை என்ர பேரிலை எழுதுங்கோ. செல்வம் பாவம், அவரின்ர பேரிலை எழுதாதேங்கோ" என்றேன். வெளியே சங்கிலி கிலுங்குகிற சத்தம் கேட்டது. நாளையில் இருந்து மகளுக்கு மூன்று நேரமும் என்ன சொல்வது என்று யோசித்தேன்.

மாஸ்டர் எழும்பி, சீற்றைப் பிடித்துப் பிடித்து முன்னுக்கு வந்தார். கையை நீட்டி "மைக்கைத் தாங்கோ" என்றார். கொடுத்தேன், வேறு என்ன செய்வது. அவர் அதை ஊதிப் பார்த்தார். முகம் முழுக்கச் சிரிப்பு. இரண்டு பயணத்திலும் நான் அந்தப் பல்லைக் கண்டதில்லை. "முப்பது வருஷம் ஆஸ்திரேலியாவிலை பனியாறு இல்லை எண்டு படிப்பிச்சனான். உந்த நோட்டீஸைக் கண்ட நாளிலை இருந்து எனக்கு நித்திரை இல்லை, பிழையாப் படிப்பிச்சுப் போட்டனோ எண்டு பாக்கத்தான் வந்தனான்."

இடியப்ப பேசின்

பிறகு மைக் என் கைக்கு வரவில்லை. மலை ஏறுகிற நாற்பது நிமிஷமும் பாடம் நடந்தது. பனி எப்படி ஒன்றுக்கு மேல் ஒன்று விழுந்து இறுகும், எப்படித் தன் பாரத்திலேயே மெல்ல மெல்ல வழுக்கி இறங்கும், தெற்கே கடலுக்குள் இந்த நாட்டுக்குச் சொந்தமான ஆளில்லாத தீவு ஒன்றில் மட்டும் பனியாறு உண்டு, அங்கே எங்கள் பஸ் போகாது. ஆவி படிந்த கண்ணாடியில் விரலால் படம் கீறிக் காட்டினார். முன் சீற்றில் ஒருவரும் நித்திரை கொள்ளவில்லை, அவர் கேள்வி கேட்பார் என்ற பயத்தில்.

மேலே சேலைக்கு மேல் ஜாக்கெட், தலையில் குரங்குத் தொப்பி, காலில் வாடகைச் சப்பாத்து. எல்லாரும் கையைக் கோர்த்துக்கொண்டு நடந்தார்கள், கடலில் படித்த பாடம். சின்னப் பிள்ளைகள் பலகையில் வழுக்கி விளையாடுவதைப் பரமேசக்கா கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றா. பிறகு பஸ்ஸுக்குப் போய், நாங்கள் இடியப்பம் கொண்டுவந்த பெரிய பிளாஸ்ரிக் பேசினை எடுத்து வந்தா. இடியப்பத்தைக் காலையிலேயே முடித்திருந்தோம். "பிடியுங்கோ தங்கச்சி" என்று என் கையைப் பிடித்து அதற்குள் ஏறிக் குந்தினா. நான் தடுக்க முன்னமே பேசின் புறப்பட்டுவிட்டது. ஒருதரம் சுற்றி, இரண்டுதரம் சுற்றி, கீழே பனிக் குவியலில் போய் முட்டி நின்றது. பரமேசக்கா அதற்குள் இருந்தபடி கையை உயர்த்திக் காட்டினா. மேலே நின்ற மாஸ்டர் இரண்டு கையையும் வாயில் குவித்துக் கூப்பிட்டார்: "பரமேசு, பனியாறு உந்த வேகத்திலை போகாது."

முறைப்பாடு

பின்னேரம் ஸ்டேஷனடியில் கணேஷ் காத்து நின்றார். மூன்று பயணமும் முடிந்ததால் எல்லாரிடமும் ஒரு தாள் கொடுத்திருந்தோம். பிடித்தது, பிடிக்காதது, முறைப்பாடு என்று மூன்று கட்டம். கணேஷ் பஸ் வாசலிலேயே நின்று ஒவ்வொன்றாய் வாசித்தார். எல்லாவற்றிலும் மூன்றாவது கட்டம் வெறுமை. கடைசித் தாளில் அவருடைய கண் நின்றது. அச்சடித்த மாதிரி எழுத்து, யாருடையது என்று எனக்குத் தெரியும். 'முறைப்பாடு: மைக்கை என்னிடம் தருவதற்கு வழிகாட்டி அம்மாவுக்கு மூன்று பயணம் எடுத்தது.'

கணேஷ் அதை இரண்டு தரம் வாசித்தார். என்னைப் பார்த்தார். ஒரு முறைப்பாடு வந்தாலும் என்று சொன்னது அவருக்கும் நினைவு, எனக்கும் நினைவு. மாஸ்டர் ஒரு கையில் பரமேசக்காவையும் மற்றக் கையில் பேசினையும் பிடித்தபடி படியில் இறங்கிக்கொண்டு இருந்தார். "மாஸ்டர், இதை முறைப்பாடு எண்டு எடுக்கிறதோ, என்னண்டு எடுக்கிறது?" என்று கணேஷ் கேட்டார். மாஸ்டர் இறங்கி முடித்து, பேசினை நிலத்தில் வைத்து, ஆறுதலாகச் சொன்னார்: "முறைப்பாடுதான். அவவை நிப்பாட்டினால் இன்னொண்டு எழுதுவன்."

2013 வரைக்கும் அந்த மைக் என் கையில்தான் இருந்தது, மலை ஏறுகிற நாற்பது நிமிஷத்தைத் தவிர.